செயலுக்குப் பெயர்: தொழிற்பெயரும் பிறமொழி ஒப்பீடும்

நுழையும்முன்

ஒரு மொழியின் இலக்கணக் கூறு, பிறமொழியோடு ஒப்பிட்டு நோக்கும்போது மேலும் தெளிவாகப் புலப்படும். தமிழின் தொழிற்பெயரை ஆங்கிலம், இலத்தீன் ஆகிய மொழிகளின் நிகரான வடிவங்களோடு ஒப்பிட்டு அறிவது இப்பாடத்தின் நோக்கமாகும்.

ஒரு வடிவம், மூன்று பணிகள்

ஆங்கிலத்தில் ‘ரீடிங்’ என்னும் ஒரே சொல் மூன்று பணிகளைச் செய்கிறது. அவற்றைத் தமிழில் தரும்போது மூன்று வேறு வடிவங்கள் தேவைப்படுகின்றன.

1. கீரனூர் மாணவி படித்தலை விரும்புகிறாள் – தொழிற்பெயர்
2. படிக்கும் மாணவி – பெயரெச்சம்
3. மாணவி படித்துக்கொண்டிருக்கிறாள் – வினைமுற்று

முதலாவதாக உள்ளதையே ஆங்கில இலக்கணத்தார் ‘ஜெரண்ட்’ என்பர். எனவே, மொழிபெயர்ப்போர் சொல்லின் ஈற்றை மட்டும் நோக்காது, தொடரில் அது ஆற்றும் பணியையும் நோக்குதல் வேண்டும்.

இலத்தீனில்

‘ஜெரண்ட்’ என்னும் பெயர் இலத்தீன் இலக்கணத்திலிருந்து வந்தது. அம்மொழியில் ‘லெகெந்தி’ என்றால் ‘படித்தலின்’ என்று பொருள். ஆனால், இவ்வடிவத்திற்கு எழுவாய் வேற்றுமை இல்லை. ‘படித்தல் நன்று’ என எழுவாயாகக் கூறவேண்டுமாயின் ‘லெகெரெ’ என்னும் வேறு வடிவம் வரும். தமிழிலோ, படித்தல், படித்தலை, படித்தலால், படித்தற்கு என ஒரே தொழிற்பெயர் எழுவாயாகவும் வரும். வேற்றுமை உருபுகளையும் ஏற்கும்.

தொழிற்பெயரும் வினையாலணையும் பெயரும்

தொழிற்பெயர் செயலுக்குப் பெயராகும், காலம் காட்டாது, படர்க்கை இடத்திற்கே உரியது. (எ.கா.) படித்தல், நடத்தல்.

வினையாலணையும் பெயர் செயலைச் செய்தவரைக் குறிக்கும், காலம் காட்டும், மூவிடத்திற்கும் உரியது. (எ.கா.) படித்தவன், படிப்பவர்.

எதிர்மறைத் தொழிற்பெயர்

செயல் நிகழாமைக்கும் தமிழ் ஒரே சொல்லில் பெயர் தருகிறது. திருக்குறளில் கள்ளாமை, வெகுளாமை, கொல்லாமை, கல்லாமை என்பன அதிகாரத் தலைப்புகளாக அமைந்துள்ளன.

கொல்லாமை – கொல் + ல் + ஆ + மை
கொல் – பகுதி
ல் – சந்தி
ஆ – எதிர்மறை இடைநிலை
மை – தொழிற்பெயர் விகுதி

ஆங்கிலத்திலும் இலத்தீனிலும் இத்தகைய வினைவடிவத்தை எதிர்மறையாக்க, ‘நாட்’, ‘நோன்’ போன்ற தனிச்சொற்கள் முன்னே வரவேண்டும். தமிழில் எதிர்மறை சொல்லின் உள்ளேயே இயைந்து நிற்கிறது. ஆகவே, ‘கொல்லாமை’ என்பது ஒரு செயலைத் தவிர்த்தல் என்னும் அளவில் நில்லாது, ஓர் அறத்தின் பெயராகவே விளங்குகிறது. அதனைக் ‘கொல்லாதவர்’ என மாற்றினால், அறத்தைச் சுட்டும் சொல் ஆளைச் சுட்டும் சொல்லாகிவிடும். இவ்வேறுபாட்டை உணராத மொழிபெயர்ப்பு, மூலத்தின் பொருளைச் சிதைக்கும்.

தெரிந்து தெளிவோம்

இத்தாலியில் பிறந்த வீரமாமுனிவர் (1680–1747) பேச்சுத்தமிழுக்கு இலத்தீன் மொழியில் இலக்கணம் எழுதினார். திருக்குறளின் அறத்துப்பாலையும் பொருட்பாலையும் இலத்தீனில் மொழிபெயர்த்தார். மேற்கண்ட நான்கு அதிகாரங்களும் இவ்விரு பால்களில் அடங்குவனவே.

கற்பவை கற்றபின்

1. ‘எழுது’ என்னும் வினையடியிலிருந்து தொழிற்பெயர், எதிர்மறைத் தொழிற்பெயர், வினையாலணையும் பெயர், பெயரெச்சம் ஆகியவற்றை உருவாக்கித் தொடரில் அமைக்க.
2. ‘மை’ விகுதி பெற்ற எதிர்மறைத் தொழிற்பெயர்களைத் திருக்குறள் அதிகாரத் தலைப்புகளிலிருந்து தொகுத்து, வகுப்பறையில் கலந்துரையாடுக.