மார்க்கும் முறையும்

ஆலங்குளம்



உத்தியோக உத்தரவு கைக்கு வந்த சந்தோஷத்தை எழுத வேண்டிய கடிதத்தில், "பொம்பளை கோட்டாவில் வந்தவள்தானே" என்று உன் அத்தை மகன் சொன்ன சொல்லையே திரும்பத் திரும்ப எழுதியிருக்கிறாய். உன்னைவிடச் சில மார்க்கு கூடுதலாக வாங்கியும் இடம் கிடைக்காத அவனுடைய மனவேதனை பொய்யல்ல. ஆகவே அவனோடு சண்டைக்குப் போகாமல், அவன் பேச்சில் நியாயம் எவ்வளவு, அறியாமை எவ்வளவு என்பதை முதலில் பிரித்துப் பார்.

நம் மாகாணத்தில் நூறு ஸ்தானங்கள் இருந்தால் 69 வகுப்புவாரியாகப் போகின்றன: பிற்படுத்தப்பட்டோருக்கு 26.5, அவர்களில் முஸ்லிம்களுக்குத் தனியே 3.5, மிகவும் பிற்படுத்தப்பட்டோருக்கும் சீர்மரபினருக்கும் 20, ஆதிதிராவிடருக்கு 18, பழங்குடியினருக்கு 1. எஞ்சிய 31 முற்பட்ட வகுப்பாருக்கு ஒதுக்கியது என்று நம் ஊரில் படித்தவர்களே சொல்லித் திரிகிறார்கள். அது முழுப் பிழை. அந்த முப்பத்தொன்றும் சாதி கேளாமல், மார்க்கு வரிசை ஒன்றையே பார்த்து நிரப்ப வேண்டிய இடங்கள். உத்தரப் பிரதேசத்துப் போலீஸ் தேர்வில் 276 மார்க்கு வாங்கிய பிற்பட்ட வகுப்புப் பெண்ணை வெளியே நிறுத்திவிட்டு, 274 வாங்கியவரைப் பொதுப்பிரிவுப் பெண்கள் கணக்கில் சேர்த்துக்கொண்டதை 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் கண்டித்ததும் இந்தக் காரணத்தினால்தான்.

1989-ல் வந்த பெண்களுக்கான 30 சதவீதம் வேறு வகையைச் சேர்ந்த ஏற்பாடு. அது தனிக் கூறாக நிற்பதன்று. ஒவ்வொரு வகுப்பின் பங்குக்குள்ளும் குறுக்கே ஓடுவது. பொதுவில் 31 இடம் என்றால் அதில் ஏறக்குறைய ஒன்பது பெண்கள் இருக்க வேண்டும். மார்க்கு வரிசையில் முதல் 31 பேரை எடுக்கும்போதே ஒன்பது பெண்கள் வந்துவிட்டால் காரியம் முடிந்தது, ஒதுக்கீடு என்ற பேச்சே அங்கு எழாது. ஏழு பேர்தான் வந்தார்கள் என்றால், கடைசியில் நிற்கும் இரண்டு ஆண்களுக்குப் பதிலாக, வரிசையில் அடுத்து நிற்கும் இரண்டு பெண்களை மேலே கொண்டுவர வேண்டும். அவ்வளவே சட்டம் கேட்பது.

ஆனால் நம் தேர்வாணையம் நெடுங்காலம் செய்தது வேறு. பெண்களின் 30 சதவீதத்தை முதலிலேயே ஒதுக்கி வைத்துவிட்டு, மீதி 70-லும் பெண்களைப் போட்டியிட விட்டது. தம் மார்க்கினாலேயே தேறக்கூடிய பெண்கள் ஒதுக்கீட்டுக் கணக்கில் ஏறாததால் ஆண்களின் இடம் நியாயத்துக்கு மேல் சுருங்கியது. இது தவறென்று 2022-ல் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. உன் அத்தை மகனின் அண்ணன்மார் பட்ட வருத்தத்துக்கு அந்த வழியில் ஆதாரம் உண்டு என்பதை நீ அவனிடம் தயங்காமல் ஒப்புக்கொள்.

நீ அனுப்பிய பட்டியலில் உன் பெயர் பிற்படுத்தப்பட்டோர் மகளிர் முறையில் நிற்கிறது. அதற்காக நீ தலைகுனிய வேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை, தோன்றவும் தோன்றாது. அவன் திருநெல்வேலியில் அறை எடுத்துத் தங்கி இரவெல்லாம் படித்த காலத்தில், நீ பகலெல்லாம் உன் அம்மாவுக்கு இலை வெட்டிக் கொடுத்து, பீடித் தட்டை மடியில் வைத்துக்கொண்டே பொது அறிவுப் புத்தகத்தைப் பக்கத்தில் விரித்து வைத்திருந்ததையும், இருட்டுவதற்குள் பீடிக்கடைக்குக் கட்டுகளைக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வந்துதான் விளக்கடியில் உட்கார்ந்ததையும் நான் கண்ணால் கண்டவன். அந்தச் சில மார்க்கு வித்தியாசத்தில் யோக்யதை எவ்வளவு, அவகாசம் எவ்வளவு என்று எந்தத் தேர்வாணையமும் அளந்து சொல்ல முடியாது. இன்னொன்றும் உண்டு. வாரிசுச் சான்றுக்கு வந்த கைம்பெண்கள், ஆண் குமாஸ்தாக்கள் கேட்கும் கேள்விகளுக்குப் பதில் சொல்லக் கூசி, மனுவைக் கையில் வைத்துக்கொண்டே தாலுகா ஆபீஸ் திண்ணையில் உட்கார்ந்திருந்த நாட்களை நான் பார்த்திருக்கிறேன். முதல் பெண் உதவியாளர் வந்த பிறகு அந்தத் திண்ணை காலியானது. அரசாங்க வேலையின் தகுதியில் அதுவும் சேர்ந்ததே.

ஒரு விஷயத்தில் மட்டும் உன் மனத்தை விசாலமாக வைத்துக்கொள். இந்தப் பக்கத்துச் செங்கோட்டையில் பிறந்து சுங்க இலாகாவில் உயர் பதவி வகித்த ஏ. என். சட்டநாதன், 1969-ல் அமைக்கப்பட்ட பிற்படுத்தப்பட்டோர் கமிஷனுக்குத் தலைமை வகித்து, பிற்பட்டோருக்குள்ளேயே சற்று முன்னேறிய சில சாதிகள் பயனை வாரிக்கொள்வதைக் கண்டு, மிகவும் பிற்பட்டோரைத் தனியே பிரிக்கச் சொன்னார். அது நடைமுறைக்கு வர 1989 ஆயிற்று. நம் வீட்டைவிடக் கீழே நிற்கும் வீடுகள் உண்டு. அவர்களுக்கென்று ஒரு பங்கு கேட்கப்படும்போது, உன் அத்தை மகன் இன்று பேசுவதைப் போல நீ பேசிவிடாதே.

பணியில் சேரும் அன்று, சான்றிதழ்களோடு தேர்வாணையத்தின் தரவரிசைப் பட்டியலையும் ஒரு பிரதி எடுத்துப் பத்திரப்படுத்திக்கொள். பதவி உயர்வுக்கான முதுநிலைப் பட்டியலை வகுப்புவாரி முறையில் இடம் ஒதுக்கும் இனச்சுழற்சி எண்ணைக் கொண்டல்ல, தேர்வில் பெற்ற தரவரிசையைக் கொண்டே தயாரிக்க வேண்டும் என்று நீதிமன்றங்கள் தீர்மானித்துவிட்டன. ஆபீஸில் பிழை நேர்ந்தால் காட்டுவதற்கு அந்தக் காகிதம் உன் கையில் இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
பெரியப்பா