உள்ளாட்சி ஆணையும் நீதிமன்ற ஆய்வும்

மைசூரில் வீடு கட்டிய ஒருவர், அனுமதிக்கப்பட்ட வரைபடத்தை மீறிவிட்டதாக மாநகராட்சி ஆணையர் கருதுகிறார் எனக் கொள்வோம். கர்நாடக மாநகராட்சிகள் சட்டம், 1976, அதன் 321ஆவது பிரிவின்படி, முதலில் பிறப்பிக்கத்தக்கது தற்காலிக ஆணையே. காரணம் காட்டக் கோரும் அறிவிப்பும் அதனுடன் வழங்கப்பெற வேண்டும். உரிமையாளர் தரும் விளக்கத்தை ஆராய்ந்த பின்னரே அதனை உறுதி செய்யலாம். உறுதி செய்யப்பட்ட ஆணையை எதிர்த்துக் கர்நாடக மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தில் முறையிடலாம். தீர்ப்பாயமும் உயர் நீதிமன்றத்தின் முதன்மை அமர்வும் இருப்பது பெங்களூரில். சுமார் 140 கிலோமீட்டர் தொலைவு. சிறு வீட்டுக்காரருக்கு இது எளிய செலவன்று. வழக்கு முடியுமுன் சுவர் இடிந்துவிட்டால் வெற்றியிலும் பயன் குறைவே.

அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் நேரே உயர் நீதிமன்றத்தை அணுகலாகாதா என மாணவர்கள் வினவுவதுண்டு. மேல்முறையீட்டு வழி இருக்கையில் நீதிமன்றம் பொதுவாக அவ்வழியையே காட்டும். ஆனால் அதிகார வரம்பின்றியோ, இயற்கை நீதிக்கு மாறாகவோ, அடிப்படை உரிமையை மீறியோ ஆணை பிறந்திருப்பின் அத்தடை இல்லை என்பதை 1998ஆம் ஆண்டின் வேர்ல்பூல் வழக்கு விளக்கிற்று.

நீதிமன்றங்கள் நிருவாகத்தையே நடத்த முற்படுகின்றன என்பது அலுவலகங்களில் அடிக்கடி கேட்கும் குறை. இது மிகைக் கூற்றேயாகும். நீதிமன்றம் ஆராய்வது ஆணை பிறந்த முறையை. அது சிறந்த முடிவா என்பதை அன்று. மொகிந்தர் சிங் கில் வழக்கில் (1978) உச்ச நீதிமன்றம் கூறியது இங்கு முக்கியமானது: ஆணையில் காணும் காரணங்களைக் கொண்டே அதன் செல்லுபடி முடிவு செய்யப்படும், பின்னர் பிரமாணப் பத்திரத்தில் புதுக் காரணங்களைச் சேர்க்க இயலாது. கோப்பில் குறிப்பெழுதும் எழுத்தர் முதல் கையொப்பமிடும் அலுவலர் வரை இதனை மனத்திற் கொள்ளுதல் நன்று.

கர்நாடகத்திலேயே சிறந்த சான்று உண்டு. பெங்களூர் இராஜமகால் விலாஸ் விரிவாக்கத்தில் பூங்காவிற்கென ஒதுக்கிய நிலம், 1976இல், முதலமைச்சரின் விருப்பத்தின் பேரில், மருத்துவமனை அமைக்கத் தனியார் அறக்கட்டளைக்கு அளிக்கப்பட்டது. அப்பகுதி மக்கள் வழக்குத் தொடுத்தனர். தனி நீதிபதி தள்ளுபடி செய்தார். அமர்வு நீதிபதிகள் மக்கள் பக்கம் தீர்ப்பளித்தனர். உச்ச நீதிமன்றமும் 1991இல் அதனை உறுதி செய்தது. மருத்துவமனை வேண்டாமென எவரும் கூறவில்லை. பூங்கா நிலத்தை அவ்வாறு மாற்றச் சட்டம் அதிகாரம் தரவில்லை என்பதே தீர்ப்பின் சாரம். நிலத்தில் சொந்த உரிமை இல்லாத அண்டை வீட்டார் வழக்காட இயலும் என்பதும் அன்றே உறுதிப்பட்டது.

13-11-2024 அன்று உச்ச நீதிமன்றம் நாடு முழுமைக்கும் நெறிமுறைகளை வகுத்தது. இடிப்பதற்கு முன் 15 நாள் அறிவிப்பு, அல்லது உள்ளூர்ச் சட்டம் தரும் காலம், இவற்றுள் எது நீண்டதோ அது தேவை. நேரில் விளக்கமளிக்க வாய்ப்பும், காரணங்கள் கூறும் இறுதி ஆணையும், அதன்பின் மேலும் 15 நாள் அவகாசமும் கட்டாயம். மீறி இடிக்கும் அலுவலர் மறுசீரமைப்புச் செலவைச் சொந்தப் பணத்திலிருந்து ஏற்க நேரிடும். சாலை, நடைபாதை போன்ற பொது இடங்களிலுள்ள ஆக்கிரமிப்புகளுக்கும், நீதிமன்றமே இடிக்க ஆணையிட்ட கட்டடங்களுக்கும் இந்நெறிமுறைகள் பொருந்தா.