வட்டத்தில் ஓர் இடம்

கேள்வி: அமெரிக்காவில் பிறந்து, ஜப்பானிய மொழியே பேசத் தெரியாதவர்கள்கூட அங்குள்ள ஜப்பானியப் புத்தர் கோயில்களைச் சுற்றியே வாழ்கிறார்களே, இது பக்தியா, பழக்கமா?

பதில்: பிழைத்து வந்தவர்களின் பிடிப்பு என்பேன். 1899-இல் கியோட்டோவிலிருந்து குருமார் இருவர் சான் பிரான்சிஸ்கோ வந்ததில் தொடங்கியது இந்தச் சமூகம். உலகப் போர்க் காலத்தில், 1942 முதல், ஏறத்தாழ 1,20,000 ஜப்பானிய வம்சாவளியினரை அமெரிக்க அரசு முகாம்களில் அடைத்தது. அவர்களில் பெரும்பாலோர் அமெரிக்கக் குடிமக்கள். இதை எத்தனை முறை சொன்னாலும் தகும். இந்தக் கோயில்களின் அமைப்புக்குத் தலைமையகமே யூட்டாவின் டோபாஸ் முகாமுக்குள் இருந்த 1944-இல், அது 'அமெரிக்க பௌத்த சர்ச்சுகள்' என்று பெயர் மாற்றிக்கொண்டது. விடுதலையாகி வந்தபோது வீடிழந்த பலருக்குக் கோயில் கூடம்தான் படுக்கை. தாத்தா பாட்டி படுத்துறங்கிய இடத்தைப் பேரப்பிள்ளைகள் எப்படி விடுவார்கள்?

கோடையில் வரும் ஓபோன் விழாவைப் பாருங்கள். இறந்த முன்னோரை நினைத்து, தெருவில் வட்டமாக ஆடுகிறார்கள். சில வாரங்கள் முன்பே கோயிலில் ஒத்திகை தொடங்கிவிடும். பாட்டின் பொருள் புரியாத பிள்ளை, முன்னால் ஆடும் பாட்டியின் கையைப் பார்த்தே அடவைப் பிடித்துக்கொள்கிறது. கலப்பு மணத்தில் பிறந்தவர்களும், ஜப்பானோடு உறவே இல்லாத அண்டை வீட்டாரும் அதே வட்டத்தில் சேர்ந்துகொள்கிறார்கள். யாரும் அவர்களிடம் பரம்பரை கேட்பதில்லை.