நாற்பது லட்சம் கடனுக்கு எண்பத்து மூன்று லட்சம்

என் சித்தி மகள் போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை போன் செய்தாள். கூடுவாஞ்சேரிப் பக்கம் ஒரு வீடு பார்த்திருக்கிறார்கள். விலை 50 லட்சம். சேமிப்பு, நகை விற்ற பணம், மாமனார் கொடுத்தது எல்லாம் சேர்த்துக் கையில் 10 லட்சம். மீதி 40 லட்சம் வங்கிக் கடன்.

"எட்டரை பர்சன்ட்தான் அக்கா. மாசம் 34,713 ரூபாய் டியூ. இப்பவே வாடகை 18,000 குடுக்கறோம். இன்னும் கொஞ்சம் இழுத்துப் பிடிச்சா சொந்த வீடு."

"எத்தனை மாசம் கட்டணும்?"

"இருபது வருஷம்."

"வருஷம் கேக்கல. மாசம் சொல்லு."

240 என்றாள். பெருக்கிப் பார் என்றேன். போனிலேயே கால்குலேட்டரைத் திறந்து பெருக்கினாள். ஏதோ தப்பாக அழுத்திவிட்டோம் என்று நினைத்து இன்னொரு தடவையும் பெருக்கினாள். இரண்டு தடவையும் 83,31,120 என்றே வந்தது. வாங்கும் கடன் 40 லட்சம். அதற்குக் கட்டும் வட்டி மட்டும் 43 லட்சத்து 31 ஆயிரம்.

வீட்டுக் கடன் வாங்க வேண்டாம் என்று நான் சொல்ல வரவில்லை. கடன் இல்லாமல் வீடு வாங்க நம்மில் எத்தனை பேரால் முடியும்? ஆனால் வீட்டின் விலையை ஆயிரம் ரூபாய்க்குக்கூடப் பேரம் பேசுகிற நாம், கடனின் விலையைக் கேட்பதே இல்லை. மாதத் தவணை எவ்வளவு என்று மட்டும் கேட்டுக்கொண்டு கையெழுத்துப் போட்டுவிடுகிறோம். உண்மையான விலை இருப்பது தவணைத் தொகையில் இல்லை, தவணைகளின் எண்ணிக்கையில். தங்கச்சிகளா, இதை மட்டும் மனசில் நிறுத்திக்கொண்டு மீதியைப் படியுங்கள்.

அதே 40 லட்சத்தை 30 வருடத்துக்குப் போட்டால் தவணை 30,757 ரூபாய். மாதம் நாலாயிரம் குறைகிறதே என்று தோன்றும். கடன் முடியும்போது கட்டியிருக்கும் வட்டி 70 லட்சத்து 72 ஆயிரம். மாதம் நாலாயிரம் குறைந்ததற்காக 27 லட்சம் கூடுதலாகக் கொடுக்கிறோம். 15 வருடத்துக்குப் போட்டால் தவணை 39,390. வட்டி 30 லட்சத்து 90 ஆயிரத்தோடு முடிந்துவிடும். "30 வருஷம் போட்டுக்கோங்க மேடம், ஈஸியா இருக்கும்" என்று யாராவது சொன்னால், மொத்த வட்டி எவ்வளவு என்று எழுதித் தரச் சொல்லுங்கள்.

முதல் வருடத்துக் கணக்கு

தவணைப் பட்டியலைக் கேட்டு வாங்கி முதல் பக்கத்தைப் பாருங்கள். சித்தி மகளின் கடனில் முதல் மாதம் கட்டும் 34,713-இல் வட்டிக்குப் போவது 28,333. அசலில் கழிவது 6,380 ரூபாய்தான். முதல் வருடம் முழுக்க 4 லட்சத்து 16 ஆயிரம் கட்டியும் அசல் குறைவது 80 ஆயிரத்துக்கும் கீழே. ஐந்து வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டிவிட்டுப் பார்த்தாலும் பாக்கி 35 லட்சத்து 25 ஆயிரம் நிற்கும். பத்து வருடம் முடிந்து, பாதிக் காலம் கடந்த பிறகும் 28 லட்சம் பாக்கி.

இதில் ஏமாற்று எதுவும் இல்லை. மிச்சமிருக்கும் அசலுக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் அசல் பெரிதாக இருப்பதால் வட்டியும் பெரிதாக இருக்கிறது. ஆனால் இதிலேயே நமக்கான வழியும் இருக்கிறது. ஆரம்பத்தில் அசலில் கழிக்கும் ஒவ்வொரு ரூபாய்க்கும் பலம் அதிகம். முதல் வருடக் கடைசியில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால், கடைசியில் சுமார் 14 தவணைகள் மறைந்துபோகும். மிச்சமாகும் வட்டி ஏறக்குறைய மூன்றே முக்கால் லட்சம். அதே ஒரு லட்சத்தைப் பன்னிரண்டாவது வருடக் கடைசியில் கட்டினால் மிச்சம் ஒரு லட்சத்துக்கும் கீழே. "பசங்க படிப்பு முடியட்டும், அப்புறம் மொத்தமா அடைக்கலாம்" என்று தள்ளிப்போடுகிறவர்கள் இழப்பது இதைத்தான்.

எங்கள் வீட்டில் நடந்தது

நாங்கள் 2021-இல் 25 லட்சம் கடன் வாங்கினோம். அப்போது வட்டி ஆறரை சதவீதம். 20 வருடத்துக்குத் தவணை 18,639. வட்டி இவ்வளவு குறைவாகக் கிடைத்ததே என்று வீட்டில் எல்லோருக்கும் சந்தோஷம். அது மாறும் வட்டி என்பது எங்களுக்குத் தெரியும். மாறினால் என்ன ஆகும் என்று மட்டும் யோசிக்கவில்லை.

2022 மே மாதத்தில் ரிசர்வ் வங்கி, மற்ற வங்கிகளுக்குத் தான் கொடுக்கும் கடனுக்கான ரெப்போ வட்டியை உயர்த்த ஆரம்பித்தது. 4 சதவீதமாக இருந்தது 2023 பிப்ரவரிக்குள் ஆறரை ஆனது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் பெரும்பாலும் இந்த ரெப்போவோடு கட்டப்பட்டவை. அது ஏறினால் மூன்று மாதத்துக்குள் நம் வட்டியும் ஏறும். எங்கள் வட்டியும் 9 சதவீதத்தில் போய் நின்றது.

ஆனால் தவணை ஏறவே இல்லை. மாதாமாதம் அதே 18,639தான் கணக்கில் பிடித்தார்கள். நல்லவேளை, நமக்கு ஏற்றவில்லை என்று நிம்மதியாக இருந்தோம். வருமான வரிக்காக ஸ்டேட்மென்ட் எடுத்த அன்றுதான் பார்த்தேன். பாக்கி 24 லட்சத்துப் பத்தாயிரம். அந்த மாத வட்டி 18,075. அசலில் கழிந்தது 564 ரூபாய். மிச்சத் தவணைகள் என்ற இடத்தில் 468 என்று இருந்தது. அதாவது 39 வருடம். என் கணவருக்கு அப்போது வயது 41.

மறுநாளே கிளைக்குப் போனோம். தவணையை 22,325 ஆக்கினால் பழையபடி 2041-லேயே கடன் முடிந்துவிடும் என்றார்கள். மாதம் 3,700 ரூபாய் கூடுதல், அவ்வளவுதான். அப்படியே விட்டிருந்தால், வட்டியும் அதே 9-இல் நின்றிருந்தால், கூடுதலாகப் போயிருக்கக்கூடிய தொகை 37 லட்சத்துக்கு மேல். நாங்கள் வாங்கிய கடனைவிட அதிகம்!

வட்டி ஏறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று வாடிக்கையாளரைக் கேட்க வேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டிருக்கிறது. கேட்டு வரும் குறுஞ்செய்தியைப் பார்க்காமல் அழித்துவிடாதீர்கள். வருடத்துக்கு இரண்டு தடவை, ஏப்ரலிலும் அக்டோபரிலும், ஸ்டேட்மென்ட் எடுத்து மூன்று எண்களைப் பாருங்கள்: வட்டி விகிதம், பாக்கி அசல், மிச்சத் தவணை.

வட்டி இறங்கும்போதும் இதே விழிப்பு வேண்டும். 2025-இல் ரெப்போ ஆறரையிலிருந்து ஐந்தேகாலுக்கு இறங்கியது. அப்படி இறங்கும்போது, தவணையைக் குறைக்கட்டுமா என்று கேட்டால் வேண்டாம் என்று சொல்லுங்கள். கட்டிப் பழகிய தொகையையே கட்டினால் மாதங்கள் தானாகக் குறையும். உங்களுக்குப் பிறகு வந்த புது ஆட்களுக்கு அரை சதவீதம் குறைவாகக் கொடுக்கிறார்கள் என்று தெரிந்தால், எனக்கும் குறையுங்கள் என்று எழுதிக் கொடுங்கள். அதற்குச் சின்னதாக ஒரு கட்டணம் வாங்குவார்கள். ஆனால் 40 லட்சத்துக்கு எட்டரைக்கும் ஒன்பதுக்கும் நடுவே 20 வருடத்தில் மூன்று லட்சம் வித்தியாசம் இருக்கிறது.

கூடுதலாகக் கட்டுவது எப்படி?

பெரிய தொகை வந்தால்தான் கட்ட முடியும் என்பதில்லை. வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். தீபாவளி போனஸோ, சீட்டுப் பணமோ, அரியரோ எதுவாகவும் இருக்கட்டும். 20 வருடக் கடன் மூன்று வருடத்துக்கு மேல் முன்னாலேயே முடிந்து, சித்தி மகளின் கணக்கில் சுமார் எட்டு லட்சம் மிச்சமாகும். எனக்கு இதைவிடப் பிடித்த வழி, சம்பளம் உயரும்போதெல்லாம் தவணையையும் 5 சதவீதம் உயர்த்துவது. இரண்டாவது வருடம் 34,713 என்பது 36,449 ஆகும். வருடாவருடம் இப்படிச் செய்தால் கடன் 12 வருடம் தாண்டிய இரண்டு மூன்று மாதத்தில் முடிகிறது. பதினைந்து லட்சத்துக்கு மேல் மிச்சம்.

மாறும் வட்டியில் தனிநபர் எடுத்த வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது. 2012-இலிருந்தே இந்த விதி இருக்கிறது. நிலையான வட்டி என்றால் மட்டும் ஒப்பந்தத்தில் என்ன போட்டிருக்கிறது என்று பாருங்கள். கூடுதல் பணம் கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள், தவணையைக் குறைக்க வேண்டாம்" என்று எழுதிக் கொடுத்து ஒரு நகலில் சீல் வாங்கிக்கொள்ளுங்கள்.

ஒரு எச்சரிக்கை. கையில் இருப்பதையெல்லாம் துடைத்துக்கொண்டு போய்க் கடனில் கொட்டாதீர்கள். ஆறு மாதத் தவணையும் வீட்டுச் செலவும் தனியாக இருக்க வேண்டும். கிரெடிட் கார்டு பாக்கியோ பர்சனல் லோனோ இருந்தால் முதலில் அதை அடையுங்கள். அவற்றின் வட்டி இதைவிட ரொம்ப அதிகம்.

கையெழுத்துக்கு முன்

சித்தி மகள் 40 லட்சம் கடன், 10 லட்சம் கைக்காசு என்று கணக்குப் போட்டிருந்தாளே, அதில் பத்திரச் செலவு இல்லை. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 50 லட்சத்துக்கு நாலரை லட்சம். 30 முதல் 75 லட்சம் வரையிலான கடனில் வங்கி வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் தரலாம், அந்த மதிப்பில் பத்திரச் செலவைச் சேர்க்கவும் முடியாது. ஆக அந்த நாலரை லட்சமும் நம் கையிலிருந்துதான் போக வேண்டும். அதற்குப் பர்சனல் லோன் எடுத்துக்கொள்ளலாம் என்று அவளுக்கு யாரோ யோசனை சொல்லியிருக்கிறார்கள். வேண்டவே வேண்டாம், மூன்று மாதம் தள்ளி வாங்கு என்றேன். இதுபோக பிராசஸிங் கட்டணம், வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், அசல் பத்திரத்தை வங்கியில் வைப்பதற்கான எம்.ஓ.டி. பதிவுச் செலவு என்று வரிசையாக வரும்.

அடுத்தது இன்சூரன்ஸ். கடனோடு சேர்த்து ஆயுள் காப்பீடு எடுத்தால்தான் சாங்ஷன் ஆகும் என்பதுபோலப் பேசுவார்கள். அப்படி ரிசர்வ் வங்கி விதி எதுவும் இல்லை. ஒரு லட்சம் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால், அதற்கும் 20 வருடம் வட்டி கட்டி 2 லட்சத்து 8 ஆயிரமாகத் திருப்பித் தருவீர்கள். பாதுகாப்பு கட்டாயம் வேண்டும். சம்பாதிக்கிறவர் போய்விட்டால் குடும்பம் வீதிக்கு வந்துவிடக் கூடாது. அதை டேர்ம் பாலிசியாக வெளியில் தனியாக எடுங்கள்.

வருமான வரி மிச்சமாகும் என்பதை நம்பிக் கடனைப் பெரிதாக்காதீர்கள். குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு பழைய வரி முறையில் மட்டும்தான், அதுவும் ஒருவருக்கு வருடம் 2 லட்சம் வரை. புதிய முறையில் இருப்பவர்களுக்கு அது கிடையாது.

2024 அக்டோபரிலிருந்து கே.எஃப்.எஸ். என்ற தாளை வங்கி கொடுத்தே ஆக வேண்டும். வட்டியோடு எல்லாக் கட்டணங்களையும் சேர்த்து வருடத்துக்கு உண்மையில் எத்தனை சதவீதம் ஆகிறது என்பது அதில் ஏ.பி.ஆர். என்ற இடத்தில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பர வட்டியை விட்டுவிட்டு இதைப் பாருங்கள். கடன் வாங்குகிறவருக்குப் புரியும் மொழியில் அந்தத் தாள் இருக்க வேண்டும் என்பதும் விதி. தமிழில் கேளுங்கள், கூச்சப்பட வேண்டாம்.

கடைசித் தவணை கட்டிய பிறகும் ஒரு வேலை பாக்கி இருக்கிறது. கடன் முழுசாக அடைந்த 30 நாளுக்குள் வங்கி அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தன் தவறால் தாமதித்தால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும். பத்திரம் வந்ததும் பீரோவில் வைத்துவிட்டு மறந்துவிடாதீர்கள். என் அப்பா அப்படித்தான் விட்டார். எட்டு வருடம் கழித்து வீட்டை விற்கப் போனபோது, வில்லங்கச் சான்றில் அடைத்து முடித்த கடன் அப்படியே நின்றது. அந்த வங்கிக் கிளைக்கு அலைந்து, கடன் அடைந்ததற்கான ரசீது ஆவணம் வாங்கிப் பதிவு செய்ய இரண்டு மாதம் ஆனது. அதற்குள் அட்வான்ஸ் கொடுத்தவர் போய்விட்டார். நீங்கள் பத்திரத்தை வாங்கும் அதே வாரத்தில் வங்கி அதிகாரியைச் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வரவைத்து ரசீதைப் பதிவு செய்துவிடுங்கள். பிறகு ஒரு வில்லங்கச் சான்று எடுத்து, கடன் ரத்தானது அதில் ஏறியிருக்கிறதா என்று உங்கள் கண்ணாலேயே பாருங்கள்.