கலோரிக் கணக்கும் நமது பானையும்

ஒரு கிலோ தண்ணீரை ஒரு பாகை செல்சியஸ் சூடாக்கும் வெப்பமே ஒரு கிலோகலோரி. மூடிய பாத்திரத்தில் உணவை எரித்து, சுற்றியுள்ள நீர் எவ்வளவு சூடேறுகிறது என்று பார்த்து அதன் சக்தியை அளப்பார்கள். ஆனால் உடல் அடுப்பல்ல. மலத்திலும் சிறுநீரிலும் ஒரு பங்கு கழிந்துபோகும். அதையும் கழித்து அமெரிக்கரான அற்வாட்டர் 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் கணக்கிட்டார். மாப்பொருளும் புரதமும் கிராமுக்கு 4, கொழுப்பு 9 என்ற அக்கணக்கையே நாம் இன்றும் பாவிக்கிறோம்.

அவசரகால நிவாரணத்தில் ஆளுக்கு நாளொன்றுக்கு 2100 கிலோகலோரி என்பது சர்வதேச அளவு. இது குழந்தை, முதியோர் எல்லோரையும் சேர்த்த சராசரி. நாள் முழுவதும் மண்வெட்டி பிடிப்பவருக்கு அது போதாது; பாலூட்டும் தாய்க்கு வழமையிலும் சுமார் 500 கூட வேண்டும். ஆகவே தலைக்குச் சமமாகப் பிரித்து உண்பதை நாம் நியாயமென்று கொள்ளமாட்டோம்.

ஒருவருக்கு 400 கிராம் அரிசி, 60 கிராம் பருப்பு, 25 கிராம் எண்ணெய், 20 கிராம் சீனி கிடைக்கிறதென வைப்போம். அரிசியில் 1400, பருப்பில் 200, எண்ணெயில் 225, சீனியில் 80. மொத்தம் சுமார் 1905. குறைகிற 195ஐ 55 கிராம் தேங்காய்ப்பூ நிரப்பும்.

விற்றமின் ஏ இதில் அகப்படாது. கொட்டிலோரம் ஒரு முருங்கைத் தடி ஊன்றுங்கள். இலையை வறுக்கும்போது தேங்காய்ப்பூவையும் சேருங்கள். கொழுப்பில்லாமல் அந்தச் சத்து உடலிற் சரியாகச் சேராது.