பாட்டின் பயன்

மயிலாப்பூரில் ஒரு சாலை பாபநாசம் சிவனின் பெயரையும், தியாகராய நகரில் ஒரு சாலை கண்ணதாசனின் பெயரையும் தாங்கியுள்ளன. பாட்டெழுதியோர்க்கு ஊர் செய்த சிறப்பு அது. ஆயின், பாடல் தொலைக்காட்சியில் ஒலிக்கும்போது கிடைக்கும் வருவாயில் அதை எழுதியவருக்குப் பங்கு உண்டா? இவ்வினாவிற்குத் தெளிவான விடை பிறக்க நெடுங்காலம் ஆயிற்று.

பாடல் எழுதியவுடன் ஒருமுறை தரப்படுவது ஊதியம். அப்பாடல் பயன்படுத்தப்படும்போதெல்லாம் தரப்படுவது உரிமத்தொகை. இதனை ‘ராயல்டி’ என்பர். முன்னது உழுதவர் பெறும் கூலி. பின்னது விளைச்சலில் பெறும் பங்கு.

1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் படைப்பாளியின் உரிமையைக் காக்க இயற்றப்பட்டது. பாடலாசிரியர், இசையமைப்பாளர் ஆகியோர்க்குரிய தொகையைத் திரட்ட 1969இல் இந்திய நிகழ்த்துரிமைச் சங்கம் தோன்றியது. எனினும், திரைப்படத்திற்கென ஊதியம் பெற்று எழுதப்பட்ட பாடலுக்கு, மாறான ஒப்பந்தம் இல்லாதவிடத்து, தயாரிப்பாளரே முதல் உரிமையாளர் என 1977இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பாடல் பல்லாண்டு வாழ்ந்தது; அதன் பயன் பிறரைச் சேர்ந்தது.

2012ஆம் ஆண்டுச் சட்டத்திருத்தம் இந்நிலையை மாற்றியது. திரையரங்கில் படத்துடன் பாடல் ஒலிக்கும்போது தனித்தொகை இல்லை. தொலைக்காட்சி, வானொலி, இணையம் முதலிய பிற வழிகளில் பயன்படும்போது, உரிமையைப் பெற்றவருக்கு இணையான பங்கு பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் உண்டு. இப்பங்கினைச் சட்டப்படியான வாரிசுக்கோ, தொகை திரட்டும் பதிப்புரிமைச் சங்கத்திற்கோ அன்றி வேறெவருக்கும் விட்டுக்கொடுக்க இயலாது. வறுமையால் கையொப்பமிட்டாலும் உரிமை பறிபோகாது என்பதே இதன் சிறப்பு.

இவ்வுரிமை படைப்பாளியின் வாழ்நாளுடன் முடிவதில்லை; அவர் மறைந்த ஆண்டிற்குப் பின் 60 ஆண்டுகள் நீடிக்கும். 1981இல் மறைந்த கண்ணதாசனின் வரிகளுக்கு 2041ஆம் ஆண்டின் இறுதி வரை அது பொருந்தும்.

பாரதியின் வரலாறு வேறுவகையானது. 1921இல் வறுமையிலேயே அவர் மறைந்தார். பின்னாளில் அவர்தம் பாடல்களின் உரிமை விலைபொருளாயிற்று. 1949இல் சென்னை மாகாண அரசு அவ்வுரிமையைப் பெற்றது. பின்னர் அவை மக்கள் அனைவருக்கும் உடைமையாயின. பாடல்கள் விடுதலை பெற்றன. பாடியவரோ பயன் துய்க்கவில்லை.

சட்டம் உரிமையைத் தரும். அதைப் பெறும் முயற்சி படைப்பாளியுடையது. ஒப்பந்தத்தைப் படித்துணர்ந்து கையொப்பமிடுதலும், சங்கத்தில் உறுப்பினராகித் தம் பாடல்களைப் பதிவுசெய்தலும் இன்றியமையாதவை. எழுதியவர் யாரென அறியாவிடில், திரண்ட தொகை அவர் வீட்டு வாயிலை எவ்வாறு அடையும்? பாட்டை எழுதும் கை, தன் பெயரையும் உரிய இடத்தில் எழுதிவைத்தல் வேண்டும்.