கோல சிலாங்கூரில் திமிங்கிலம் உண்டா?

கேள்வி: கோல சிலாங்கூர் கடலில் திமிங்கிலம் பார்க்க முடியுமா? பிள்ளைகள் நச்சரிக்கிறார்கள்.
– வாசகர், கெர்லிங்

பதில்: அங்கே மின்மினி பார்க்கலாம்; திமிங்கிலத்துக்கு அந்தச் சேற்றுக் கடலில் ஆழம் போதாது. வழிதவறி வந்தால்தான் உண்டு. 1892இல் மலாக்கா கரையில் ஒன்று ஒதுங்கிச் செத்தது. அதன் எலும்புக்கூடு சிங்கப்பூர் ராஃபிள்ஸ் அருங்காட்சியகத்தில் பல்லாண்டு தொங்கி, 1974இல் மலேசியாவுக்கே திரும்பியது.

உயிரோடு பார்க்க இலங்கையின் மிரிசாவுக்குப் போங்கள், டிசம்பர் முதல் ஏப்ரலுக்குள். நீலத் திமிங்கிலம் மூச்சுவிட்டால் நீர்த்தூவல் பனைமரம்போல் எழும்பும். ஆனால் அதே கடலில்தான் பெருங்கப்பல்கள் ஓடுகின்றன. அவற்றில் மோதித் திமிங்கிலங்கள் சாகின்றன, பாவம். 2022இல் எம்எஸ்சி கப்பல் நிறுவனம் தன் கப்பல்களைத் தெற்கே விலகிப் போகச் சொன்னது. மற்றவர்களுக்கு என்ன தடையோ!

படகோட்டி நூறு மீட்டர் தள்ளி நிறுத்துவாரா என்று முதலில் கேளுங்கள். துரத்துகிறவர் என்றால் ஏறாதீர்கள்.